விடுபட்ட மாதம்: கற்பனை உலகத்துக்கு நாட்காட்டி எதற்கு?

ஜனவரி 11, காலை 9.20 – கேள்வி

கதை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். பூமி இல்லை, வேறு உலகம். நாட்காட்டி விஷயத்தில் ஒரு முடிவுக்கு வந்துவிட்டேன்: ஆண்டுக்கு 360 நாள், 12 மாதம், மாதத்துக்கு 30 நாள். மிச்சம் மீதி எதுவும் கிடையாது. வாசகருக்குக் கணக்குப் பாடம் எடுக்க வேண்டாம், எனக்கும் தலைவலி இல்லை. கற்பனை உலகத்துக்கு இதற்கு மேல் மெனக்கெடுவது வீண் என்பது என் கட்சி. மறுப்பவர்கள் காரணம் சொல்லுங்கள்.

ஜனவரி 11, இரவு 10.45

மறுக்கிறேன். நாட்காட்டியின் உயிரே அந்த மிச்சம் மீதிதான்.

ஒரு கோள் தன்னைத்தானே சுற்றுவதற்கும் சூரியனைச் சுற்றுவதற்கும் எந்த உடன்பாடும் கிடையாது. நிலவு மூன்றாவது ஆள், அது இருவர் பேச்சையும் கேட்காது. பூமியில் ஆண்டு 365.2422 நாள், ஒரு பிறையிலிருந்து மறுபிறைக்கு 29.5306 நாள். ஒன்றுக்குள் ஒன்று அடங்காது. அடங்காத அந்தத் துண்டை எங்கே வைப்பது, யார் வைப்பது என்பதில்தான் நாட்காட்டிகளின் கதை முழுவதும் இருக்கிறது. எகிப்தியர்கள் உங்களைப் போலவே 30 நாளில் 12 மாதம் வைத்தார்கள், கடைசியில் ஐந்து நாள் சேர்த்து 365 என்று நிறுத்திக்கொண்டார்கள். விட்டுப்போன கால் நாள் சும்மா இருக்கவில்லை. நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் நகர்ந்து, ஏறத்தாழ 1460 ஆண்டுகளில் அவர்களுடைய ஆண்டுப் பிறப்பு எல்லாப் பருவங்களையும் ஒரு சுற்றுச் சுற்றியது.

உங்கள் 360இல் எதுவும் நகராது. மழை ஆண்டு தவறாமல் ஐந்தாம் மாதம் முதல் தேதிக்கு வந்து நிற்கும். அந்த உலகத்தில் யாருக்கும் வானத்தை அண்ணாந்து பார்க்க வேண்டிய தேவையே வராது.

ஜனவரி 12

கைக்காசு போட்டுக் கற்றதைச் சொல்கிறேன், நான் எழுதும் கற்பனை உலகத்தின் கணக்கையே வைக்கிறேன். நான்கு வருடமாக அதில்தான் குடியிருக்கிறேன்.

ஆண்டு 398.3 நாள். நிலவு 31.2 நாளுக்கு ஒரு முறை நிறையும். நாள் நம்முடையதைப் போல 24 மணி நேரம், அதில் கைவைக்கவில்லை. முதலில் இரண்டு நிலவு இருந்தது. சின்னதுக்கு 11.7 நாள் என்று மனம்போல ஓர் எண் வைத்தேன். பிறகு பார்த்தால் பெரியதன் மூன்று சுற்று 93.6 நாள், சின்னதன் எட்டுச் சுற்றும் 93.6 நாள். கடிகார முள் மாதிரி இரண்டும் பூட்டிக்கொண்டன. நான் ஆசைப்பட்டது எப்போது சேரும் என்று தெரியாத இரண்டு விளக்குகளுக்கு. சின்ன நிலவை எடுத்துவிட்டேன். இரண்டு நிலவு எழுதப் போகிறவர்கள் எண்ணைத் தேர்ந்த அன்றே ஒன்றை மற்றதால் வகுத்துப் பார்த்துவிடுங்கள்.

ஜனவரி 14

398.3ஐ 31.2ஆல் வகுத்தால் 12.766. பன்னிரண்டு மாதம் வைத்தால் ஆண்டுக்கு 23.9 நாள் போதாது. பதின்மூன்று வைத்தால் 7.3 நாள் கூடுதல்.

எத்தனை ஆண்டு சேர்ந்தால் முழு மாதங்களாகக் கணக்குத் தீரும் என்று தேடினேன். 4 ஆண்டு 51 மாதம்: இரண்டு நாள் உதைக்கிறது. 17 ஆண்டு 217 மாதம்: 0.7 நாள். அப்புறம் 47 வந்தது. 47 ஆண்டு என்பது 18720.1 நாள், 600 மாதம் என்பது 18720 நாள். பத்தில் ஒரு பங்கு நாள்தான் இடைவெளி. அந்த இரவு நான் தூங்கவில்லை. இந்த 600ஐ நான் வைக்கவில்லை, இரண்டு தசம எண்களுக்குள்ளே அது ஏற்கெனவே உட்கார்ந்திருந்தது.

பூமியில் இதற்கு இணை 19 ஆண்டு 235 மாதம் என்ற கணக்கு. ஏதென்ஸ்காரர் மெட்டன் பெயரில் வழங்குவது, பாபிலோனியர்களும் பயன்படுத்தியது. அதில் 19 ஆண்டுக்கு 0.09 நாள் பிசகும். என் உலகத்துக்காரர்களுக்கு 47 ஆண்டுக்கு 0.1 நாள். அவர்களுக்கு வானம் கொஞ்சம் கூடுதலாகக் கருணை காட்டியிருக்கிறது.

ஜனவரி 15

திருத்தம். மூன்று நாள் முன்பு நிலவுக்கு 31.2 நாள் என்றேன். ஒருவர் தனியாகக் கேட்டார்: அது நிலவு கோளைச் சுற்றும் காலமா, நிறைநிலவிலிருந்து நிறைநிலவு வரையா? சரியான கேள்வி. நான் சொல்வது நிறைநிலவிலிருந்து நிறைநிலவு. நிலவு ஒரு சுற்று முடிப்பதற்குள் கோளும் சூரியனைச் சுற்றிக் கொஞ்சம் நகர்ந்துவிடும், அதனால் நிறைவதற்குக் கூடுதல் நாள் பிடிக்கும். பூமியில் 27.32க்கும் 29.53க்கும் உள்ள வேறுபாடு இதுதான். என் நிலவு உண்மையில் ஒரு சுற்று வர 28.93 நாள். என் பழைய நோட்டில் இரண்டையும் ஒன்றாகவே போட்டுக் குழப்பி வைத்திருந்தேன், ஒரு அத்தியாயம் முழுக்கக் கிரகணம் தப்பான நாளில் விழுந்தது.

ஜனவரி 18

இதுதான் நான் சொல்ல வந்த விஷயம், சுற்றி வளைத்து இன்றைக்குத்தான் வந்து சேர்ந்தேன்.

47 ஆண்டில் 600 மாதம். ஆண்டுக்குப் பன்னிரண்டு என்றால் 564. மீதி 36. ஆக அந்த 47இல் 36 ஆண்டுகளில் ஆண்டுக்கு ஒரு மாதத்தைக் கூட்ட வேண்டும், அதிக மாதம் என்று பெயர் வைத்தேன். இரண்டு வருடம் அப்படியே எழுதிக்கொண்டும் இருந்தேன். ஏதோ ஒட்டவில்லை, ஆனால் எது என்று பிடிபடவில்லை.

ஒரு நாள் கட்டம் போட்ட தாளில் நீளமாக ஒரு பட்டை வெட்டி, 47 கட்டம் போட்டு, கூடுதல் மாதம் வரும் ஆண்டுகளுக்குக் கறுப்பு மை அடித்தேன். பட்டையை ஒரு கண்ணாடிக் குடுவையைச் சுற்றி ஒட்டி மேசையில் வைத்தேன், 47 முடிந்ததும் 1 வந்து சேர வேண்டும் அல்லவா. தள்ளி நின்று பார்த்தால் குடுவை கறுப்பாக இருந்தது. அங்கங்கே பதினொரு வெள்ளைக் கட்டம். அப்போதுதான் உறைத்தது. நாற்பத்தேழில் முப்பத்தாறு தடவை வருவதை எந்த ஊரில் கூடுதல் என்பார்கள்? அவர்களுக்கு ஆண்டு என்றால் பதின்மூன்று மாதம்தான். நான்கு ஆண்டுக்கு ஒரு முறை, சில சமயம் ஐந்தாம் ஆண்டில், ஒரு மாதம் வராமல் போய்விடும். 4, 4, 4, 5, 4, 4, 4, 5, 4, 4, 5. கூட்டினால் 47.

அவர்கள் கூட்டவில்லை, இழக்கிறார்கள். பஞ்சாங்கத்தில் அதிக மாதத்தைக் கேட்டே வளர்ந்ததால் எனக்குக் கூட்டல்தான் முதலில் கண்ணில் பட்டிருக்கிறது. எண்கள் வேறு கதையைச் சொல்லிக்கொண்டிருந்தன.

ஜனவரி 19

"க்ஷய மாதம் என்று நம்மிடமே இருக்கிறதே" என்று வந்த குறிப்புக்கு: இருக்கிறது, 1963-64இலும் 1982-83இலும் வந்தது. ஒரே சந்திர மாதத்துக்குள் சூரியன் இரண்டு ராசி மாறிவிட்டால் ஒரு மாதப் பெயர் விழுந்துவிடும். ஆனால் க்ஷயம் வந்தால் அதற்கு முன்னும் பின்னும் ஒவ்வொரு அதிக மாதம் வந்துவிடும், ஆக மொத்தக் கணக்கில் குறைவில்லை. என் உலகத்தில் விழுந்த மாதத்துக்கு ஈடு கிடையாது. சொல்லை மட்டும் கடன் வாங்கலாமா என்று யோசித்தேன். வேண்டாம், வாசகர் அந்தப் பொருளையும் சேர்த்துக் கொண்டுவந்துவிடுவார். 'விடுபட்ட மாதம்' என்றே வைத்துக்கொண்டேன்.

ஜனவரி 23

எந்த மாதம் விடுபடும்? விதைப்பு மாதத்தை விட முடியாது, அறுவடையை விட முடியாது. கடைசியான பதின்மூன்றாவதுதான். அதற்குக் 'கதவடைப்பு' என்று பெயர். கடுங்குளிர், வேலை இல்லை, கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருப்பார்கள். அந்த மாதத்தில் கடன் கேட்டு யாரும் வாசல்படி ஏறக்கூடாது என்பது ஊர் விதி.

இதை எழுதி முடித்த கையோடு அடுத்தது தானாக வந்தது. மாதம் விடுபடும் ஆண்டில் கடன்காரனுக்குத் தவணை ஒரு மாதம் முன்னதாக வந்து நிற்கும். கொடுத்தவனுக்குக் கொண்டாட்டம், வாங்கியவனுக்குத் திண்டாட்டம். அப்படியானால் இந்த ஆண்டு கதவடைப்பு உண்டா இல்லையா என்று அறிவிப்பவன் கையில் எவ்வளவு அதிகாரம்!

இது என் கற்பனை மட்டும் இல்லை. பழைய ரோமில் கூடுதல் மாதம் சேர்ப்பது குருமார் குழுவின் கையில் இருந்தது. வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டு நீளும், வேண்டாதவர் என்றால் சுருங்கும். கடைசியில் நாட்காட்டியும் பருவமும் எங்கெங்கோ போய், ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாளாக நீட்டித்துத்தான் சரிசெய்ய முடிந்தது. அதற்குப் பிறகும் நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் என்ற விதியைத் தவறாக எண்ணி மூன்று ஆண்டுக்கு ஒரு முறை சேர்த்துக்கொண்டிருந்தார்கள், அகஸ்டஸ் வந்து சில முறை சேர்க்காமல் நிறுத்தி வைத்து அதை நேராக்கினார். விதி எவ்வளவு எளிதாக இருந்தாலும் எண்ணுகிறவர் மனிதர்தான். உங்கள் 360 நாள் உலகத்தில் இந்தக் குருமாருக்கு வேலையே இல்லை. எனக்கு அது பெரிய நஷ்டமாகப் படுகிறது.

ஜனவரி 27

அந்த உலகத்து வயது நம் கணக்கில் எத்தனை என்று கேட்டிருந்தீர்கள். அங்கே 16 வயது என்றால் நம் கணக்கில் ஏறத்தாழ பதினேழரை. கதைக்குள் இதை மாற்றிச் சொல்ல வேண்டியதில்லை, எழுதுகிறவர் மனதில் இருந்தால் போதும். 47 வயது நிறைந்தவரை அங்கே 'அறுநூறு கண்டவர்' என்பார்கள். ஆயிரம் பிறை கண்டவர் என்று நாம் சொல்வதுபோல. ஆயிரம் பிறைக்கு நம் கணக்கில் 80 ஆண்டும் பத்து மாதமும் ஆகும், அவர்களுக்கு அறுநூறே ஒரு முழுச் சுற்று.

பிப்ரவரி 2

மலையில் இருப்பவர்களை இன்று சேர்த்தேன். 47 ஆண்டுச் சுற்று ஆற்றங்கரைக்காரர்களின் கணக்கு, அவர்களிடம் ஏடும் கணக்கரும் உண்டு. மலையில் சின்ன விதிதான்: மூன்று ஆண்டு பதின்மூன்று, நான்காம் ஆண்டு பன்னிரண்டு. எழுதப்படிக்கத் தெரியாதவரும் விரல்விட்டு எண்ணலாம். அறுபத்திரண்டு ஆண்டுக்கு முன்னால் ஒரு சண்டையில் இரு தரப்பும் பிரிந்து, அன்றிலிருந்து மலையார் இந்த விதியைப் பிடித்துக்கொண்டார்கள். நான்கு ஆண்டுக்கு இரண்டு நாள் பிசகும் என்று மேலே பார்த்தோம். ஒரு முழு மாதம் பிசக 62 ஆண்டு.

அதாவது ஒரு மனித ஆயுளுக்குள். மலையில் எழுபது வயதுக் கிழவி ஒருத்தி இருக்கிறாள், பிரிவு நடந்தபோது எட்டு வயது. "என் சின்ன வயசுல ஆத்துல வெள்ளம் அஞ்சாம் மாசம் வரும், இப்ப ஆறாம் மாசம் வருது" என்கிறாள். ஊரார் ஆறு மாறிவிட்டது என்கிறார்கள், காடு அழிந்ததால் என்கிறார்கள். ஆறு அப்படியேதான் இருக்கிறது. அவர்கள் காலடியில் நாட்காட்டிதான் நகர்ந்திருக்கிறது.

பிப்ரவரி 3

அவசரப்பட்டுவிட்டேன். கிழவி அப்படிச் சுலபமாகக் கண்டுபிடித்திருக்க முடியாது. எக்செலில் போட்டுப் பார்த்தேன். நீள ஆண்டு 405.6 நாள், பருவத்தைவிட 7.3 நாள் நீளம். அதனால் வெள்ளம் ஒவ்வோர் ஆண்டும் தேதிப்படி ஏழு நாள் முன்னே வரும், மூன்று ஆண்டு அப்படி. மாதம் விடுபட்ட பிறகு ஒரே தாவலாக 24 நாள் பின்னே போகும். இந்த ஊஞ்சலுக்குள் இரண்டு நாள் நகர்வு யார் கண்ணுக்குத் தெரியும்?

ஒரே வழிதான் உண்டு. விடுபட்ட மாதத்துக்கு அடுத்து வரும் வெள்ளங்களை மட்டும் ஒன்றோடொன்று ஒப்பிட வேண்டும். எனவே கிழவியின் அம்மா வாசல் நிலைக்கட்டையில் ஓர் ஆணியால் கோடு கீறி வைத்தாள். அந்த ஆண்டு வெள்ளத்தின்போது மாதத்தில் எத்தனை நாள் சென்றிருந்தது என்பதற்கு அத்தனை கோடு. அம்மாவுக்குப் பிறகு மகள் கீறினாள். அறுபது ஆண்டில் பதினைந்து வரிசை. ஒவ்வொரு வரிசையும் முந்தையதைவிட இரண்டு கோடு நீளம். அந்தக் கட்டையைத் தடவிப் பார்த்தாலே போதும், கண்கூட வேண்டாம். நேற்று எழுதிய வெறும் நினைவைவிட இது எவ்வளவோ மேல்.

பிப்ரவரி 9

எழுதிய பக்கங்களைத் திருப்பும்போது ஒரு பிழை கையில் சிக்கியது. ஒரு தாய் மகனைப் பார்த்து "பத்து மாசம் சுமந்து பெத்தேன்" என்கிறாள். 280 நாளை 31.2ஆல் வகுங்கள், அங்கே அது ஒன்பது மாதம்! மொழி நம் நிலவைத் தன்னோடு தூக்கிக்கொண்டு வந்துவிட்டது. "ஒம்பது மாசம்" என்று மாற்றினேன், வாய்விட்டுப் படித்தால் காதுக்கு இன்னும் புதிதாக இருக்கிறது. பழகிவிடும்.

அதிலிருந்து ஒரு கதைமுடிச்சும் கிடைத்தது. கணவன் பத்தாம் மாதம் படகேறிப் போகிறான். அந்த ஆண்டு கதவடைப்பு விடுபடுகிறது. மறு ஆண்டு ஏழாம் மாதம் குழந்தை. பழக்கதோஷத்தில் விரல்விட்டு எண்ணும் மாமியாருக்கு ஒரு மாதம் கூடுதலாக வருகிறது, மருமகள் மேல் சந்தேகம்.

பிப்ரவரி 10

"மாதம் விடுபடுவதுதான் அந்த ஆண்டின் பெரிய சேதி, அதைப் போய் யார் மறப்பார்கள்?" என்று 360 நாள்காரரே கேட்டுவிட்டார். ஒத்துக்கொள்கிறேன், முடிச்சு நிற்காது. கேள்வி கேட்டவரே கணக்குக்குள் இறங்கிவிட்டதில் எனக்கு நிஜமான சந்தோஷம்.

பிப்ரவரி 16

ஆறு நாள் யோசித்தேன். தவறு எண்ணுவதில் இருக்கக்கூடாது, எழுதிய தேதியில் இருக்க வேண்டும்.

பருவத்தோடு ஒட்ட நாட்காட்டியிலிருந்து பத்து நாளை நீக்கிய கிரிகோரியன் திருத்தம் 1582இல் வந்தது, பிரிட்டன் 1752 வரை ஏற்கவில்லை. இடைப்பட்ட காலமெல்லாம் இங்கிலாந்துக்கும் புதிய கணக்குக்கு மாறிய ஐரோப்பிய நாடுகளுக்கும் நடுவே போன கடிதங்களில் எந்தக் கணக்கின் தேதி என்று சொல்லாவிட்டால் பத்து நாள், பிறகு பதினொரு நாள் குழப்பம். ரஷ்யாவின் அக்டோபர் புரட்சி புதிய கணக்கில் 1917 நவம்பர் 7.

என் கதையிலும் கடிதம்தான். ஆற்றங்கரையில் மனைவியோடு இருக்கும் மகன், மலையிலிருக்கும் அம்மாவுக்கு எழுதுகிறான்: பத்தாம் மாதம், நிறைநிலவுக்கு மறுநாள் படகேறுகிறேன். அவன் எழுதியது கரைக்கணக்கு. இன்றைக்கு மலைக்கணக்கு ஒரு மாதம் முந்தி ஓடுகிறது, கரையின் பத்து மலையில் பதினொன்று. மருமகள் பிறகு மாமியார் வீட்டுக்கு வந்து, மலைக்கணக்கின் ஏழாம் மாதம் முதல் பிறையன்று பெற்றெடுக்கிறாள். உண்மையில் அவன் போய் எட்டரை மாதம், 265 நாள். கடிதத்தை மலைக்கணக்கில் படித்தால் ஒன்பதரை, 296 நாள். அந்த மாமியார் வேறு யாருமில்லை, நிலைக்கட்டைக் கிழவியேதான். நாள் எண்ணுவதில் ஊரிலேயே அவளை மிஞ்ச ஆளில்லை. சரியாக எண்ணுகிறாள், அதனால்தான் வலிக்கிறது.

பிப்ரவரி 21

மருமகள் எப்படி நிரூபிப்பாள்? நிலவு உதவாது, பத்திலும் பதினொன்றிலும் நிறைநிலவு ஒன்றுபோலத்தான் இருக்கும். இரண்டு கணக்குக்கும் பொதுவாக, யாருக்கும் கட்டுப்படாமல் ஓடுவது எது என்று தேடினால் வாரம்.

1582இல் பத்து நாளைத் தூக்கினார்களே, அக்டோபர் 4 வியாழன், மறுநாள் அக்டோபர் 15 வெள்ளி. தேதி தாவியது, கிழமை தாவவில்லை. கிழமையில் கைவைத்தவர்கள் நிலைக்கவில்லை. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்களின் பத்து நாள் வாரமும் போனது, சோவியத் ஒன்றியம் 1929இல் கொண்டுவந்த ஐந்து நாள் வாரமும் போனது.

என் உலகத்தில் ஆறு நாளுக்கு ஒரு சந்தை, மலையும் கரையும் சண்டை போட்டாலும் சந்தையில் சேர்ந்துதான் நிற்கும். மாதம் 31 நாள் என்றால் அதே நிலவுநாள் அடுத்த மாதம் ஒரு கிழமை தள்ளி வரும், 32 என்றால் இரண்டு கிழமை. எப்படியும் அடுத்தடுத்த இரண்டு மாதங்களில் நிறைநிலவுக்கு மறுநாள் சந்தைநாளாக இருக்க முடியாது. ஆகவே மகனுடைய கடிதத்தில் ஒரு சொல் சேர்த்தேன்: "நிறைநிலவுக்கு மறுநாள், சந்தைநாளில்."

கிழவி அடுப்படிச் சுவரில் சந்தைக்கு ஒரு கரிக்கோடு இழுப்பவள், நிறைநிலவுக்கு ஒரு வட்டம். நேற்று சந்தை, இன்று பிறந்திருக்கிறது குழந்தை. 265 நாள் என்பது ஆறு நாள் வாரத்தில் 44 வாரமும் ஒரு நாளும். அவள் எண்ணும் பத்தியை நேற்றிரவு எழுதினேன். மலைக்கணக்கின் பத்தாம் மாத வட்டத்துக்குப் பக்கத்தில் கோடு இல்லை. இன்னும் இந்தப் பக்கம் வருகிறாள். நேற்றைய கோட்டிலிருந்து பின்னோக்கி நாற்பத்து நான்காவது கோட்டில் விரல் நிற்கிறது, அதை ஒட்டினாற்போல் ஒரு வட்டம். உள்ளே குழந்தை அழுகிறது. கிழவி சுவரிலிருந்து விரலை எடுக்காமலே சொல்கிறாள்: "பிள்ளையத் தூக்கு தாயி, அழுகுது பாரு."